ஹவுஸ் ஓனருக்குத் தெரியாமல் ஒரு ஸ்டேட்டஸ்

வாடகைக்கு வேறு வீடு பார்க்கப் போயிருந்தேன். அந்த வீட்டுக் கூடத்தில் பெரிய ஜன்னல், சாயங்கால வெளிச்சம் தரை முழுக்க விழுந்து கிடந்தது, பார்த்ததும் கை சும்மா இருக்கவில்லை, ஒரு படம் எடுத்து "இது மட்டும் அமைஞ்சா போதும்" என்று எழுதி வாட்ஸாப்பில் ஸ்டேட்டஸ் போட்டுவிட்டேன். முக்கால் மணி நேரம்கூட ஆகியிருக்காது. இப்போது குடியிருக்கும் வீட்டின் ஓனரிடமிருந்து மெசேஜ்: "என்னம்மா, வீடு மாத்தப் போறீங்களா? சொல்லவே இல்லையே."

"இல்ல சார், ஃப்ரெண்டுக்காகப் பார்க்க வந்தேன்" என்று ஒரு பொய்யை அனுப்பினேன். பதிலுக்குக் கட்டைவிரல் மட்டும் வந்தது. நம்பினாரா என்று தெரியவில்லை.

அவர் மேல் தப்பே இல்லை. குழாய் ஒழுகினால் கூப்பிட வேண்டும் என்று அவர் நம்பரை நான் சேமித்து வைத்திருக்கிறேன், வாடகை வராவிட்டால் கூப்பிட வேண்டும் என்று என் நம்பரை அவர் சேமித்து வைத்திருக்கிறார். இரண்டு பக்கமும் நம்பர் சேமிக்கப்பட்டிருந்தால் ஸ்டேட்டஸ் தெரியும், வாட்ஸாப்பில் வழக்கமான நிபந்தனை அவ்வளவுதான். குழாய் உறவுக்கும் தோழமை உறவுக்கும் அதற்கு வித்தியாசம் தெரியாது, நாம் சொல்லிக்கொடுத்தால்தான் உண்டு.

அதைச் சொல்லிக்கொடுக்க எனக்கு இரண்டு வார விடுமுறை நாட்கள் பிடித்தன. ஒரு ராத்திரி வேலை என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன். செய்யும்போதே ஒரு நோட்டில் எழுதி வைத்த குறிப்புகளைத்தான் இங்கே விரித்து எழுதுகிறேன். என் போனில் மெனு எல்லாம் ஆங்கிலத்தில் இருப்பதால் அந்தப் பெயர்களை உச்சரிப்பு மாறாமல் அப்படியே தருகிறேன், தமிழில் வைத்திருப்பவர்களுக்குப் பெயர் வேறாக இருக்கும், இடம் கிட்டத்தட்ட அதேதான்.

முதலில் நான் செட்டிங்ஸில் போய் விழவில்லை. இது ஒன்றை மட்டும் சரியாகச் செய்தேன். போனில் இருந்த 438 நம்பர்களையும் மேலிருந்து கீழ்வரை ஒரு தடவை நகர்த்திப் பார்த்தேன். யார் யாரோ இருந்தார்கள். பழைய ஆபீஸில் ஏசி ரிப்பேருக்கு வந்தவர் "ஏசி அண்ணா" என்ற பெயரில் ஏழு வருடமாக இருக்கிறார், என் ஸ்டேட்டஸ் ஒன்றுவிடாமல் பார்க்கிறார், நாங்கள் பேசிக்கொண்டதே இரண்டு தடவைதான். "சோபா தரகர்" என்று ஒருவர். "மீனா 2" என்று ஒருத்தி, மீனா 1 யார் என்று எனக்கே நினைவில்லை. நெருக்கத்தால் வளர்ந்த பட்டியல் இல்லை இது, தேவையால் வளர்ந்த பட்டியல். நாம் ஸ்டேட்டஸ் போடும்போது மட்டும் மனசுக்குள் ஒரு ஏழெட்டு முகத்தை வைத்துக்கொண்டு போடுகிறோம், போய்ச் சேர்வதோ நானூறு பேருக்கு.

பேப்பரில் மூன்று கட்டம் போட்டேன். என்ன போட்டாலும் பார்க்கலாம் என்பவர்கள் ஒன்று. வீடு, வேலை சம்பந்தப்பட்டது மட்டும் தெரியக் கூடாதவர்கள் ஒன்று. எதுவும் தெரிய அவசியமில்லாதவர்கள் ஒன்று. அப்புறம் பாதியில் நாலாவதாக ஒன்று தேவைப்பட்டது. சித்தி மேல் எனக்கு முழு நம்பிக்கை உண்டு, அவரிடம் எதையும் மறைக்கத் தேவையில்லை, ஆனால் அவரிடம் போன செய்தி அன்று மாலைக்குள் பத்து வீட்டில் இருக்கும். பள்ளிக்கூடத்தில் நற்கடத்தி, அரிதிற்கடத்தி என்று படித்தோமே, அதில் சித்தி செம்புக் கம்பி. நான் யாரிடமிருந்து மறைக்கிறேன் என்பதைவிட, யார் வழியாகப் போகும் என்பதுதான் பெரிய கேள்வி என்று அந்தக் கட்டத்தை வரைந்தபோதுதான் உறைத்தது. ஹவுஸ் ஓனரின் மருமகள் சித்திக்குத் தோழி.

இப்படி மனிதர்களை வட்டம் வட்டமாகப் பிரிக்கச் சொல்லியே ஒரு சமூக வலைத்தளம் வந்தது, 2011 ஜூனில் கூகுள் பிளஸ். அதன் அடிப்படையே சர்க்கிள்ஸ்தான். 2019 ஏப்ரலில் பொதுமக்களுக்கான சேவையை மூடிவிட்டார்கள். ட்விட்டர்கூட 2022 ஆகஸ்டில் சர்க்கிள் என்று ஒன்றைக் கொண்டுவந்து 2023 அக்டோபர் 31ஆம் தேதியோடு நிறுத்திக்கொண்டது. மூடியதற்கு ஆயிரம் காரணம் இருக்கலாம், ஆனால் 438 பேரைப் பிரித்து உட்கார்ந்தவள் என்ற முறையில் சொல்கிறேன், இது சலிப்பு பிடித்த வேலை. ஆளுக்கு ஐந்து விநாடி யோசித்தாலே அரை மணி நேரத்துக்கு மேல். சிலருக்கு ஐந்து விநாடி போதாது, அவர்களோடு கடைசியாகப் பேசிய சண்டை வரை போய்த்தான் வர வேண்டும்.

சரி, வாட்ஸாப். செட்டிங்ஸ், பிரைவசி, ஸ்டேட்டஸ். மூன்று வழி இருக்கும்: மை காண்டாக்ட்ஸ், மை காண்டாக்ட்ஸ் எக்ஸெப்ட், ஒன்லி ஷேர் வித். அதாவது எல்லாருக்கும், இவர்களைத் தவிர எல்லாருக்கும், இவர்களுக்கு மட்டும். நான் நடுவில் இருப்பதைத் தேர்ந்தெடுத்து 61 பேரை டிக் செய்தேன். ஓனர், அவர் மகன், மருமகள், ஆபீஸ் மேலதிகாரி, ஏசி அண்ணா, இப்படி. இவர்களுக்கு அறிவிப்பு எதுவும் போகாது, என் ஸ்டேட்டஸ் அவர்கள் பட்டியலில் வராது, அவ்வளவுதான். ஏற்கெனவே போட்ட ஸ்டேட்டஸுக்கு இது பொருந்தாது, இனிமேல் போடுவதற்குத்தான். அந்த ஜன்னல் படத்தை நான் கையால்தான் நீக்கினேன், யார் பார்த்தார்கள் என்று எண்ணிப் பார்த்துவிட்டு. 117 பேர்.

நிம்மதியாகத் தூங்கினேன். மூன்று நாள் கழித்து அடுத்த வீடு பார்த்தேன், ஸ்டேட்டஸ் போட்டேன், பார்த்தவர் பட்டியலில் ஒரு புதுப் பெயர்: "புரோக்கர் புது வீடு". முந்தைய நாள்தான் அவர் நம்பரைச் சேமித்திருந்தேன். நான் "வீடு சுமார்தான், ஆனா வேற வழியில்ல, எடுத்துக்கலாம்னு இருக்கேன்" என்று எழுதியிருந்தேன். பேரம் அங்கேயே முடிந்தது. அடுத்த நாள் அவர் ஒரு பைசா இறங்கவில்லை.

இது முழுக்க என் முட்டாள்தனம், கொஞ்சம் யோசித்திருந்தால் புரிந்திருக்கும். "இவர்களைத் தவிர" என்று வைத்தால், நாளைக்குப் புதிதாகச் சேமிக்கும் ஒவ்வொரு நம்பரும் தானாக உள்ளே வந்துவிடும். "இவர்களுக்கு மட்டும்" என்று வைத்தால் புதியவர் தானாக வெளியே நிற்பார், நாம் கூப்பிட்டால்தான் உள்ளே வருவார். கதவைத் திறந்து வைத்துவிட்டு சிலரை மட்டும் தடுப்பதற்கும், கதவைச் சாத்திவிட்டு சிலருக்குச் சாவி கொடுப்பதற்கும் உள்ள வித்தியாசம். அன்றே ஒன்லி ஷேர் வித்துக்கு மாறி 34 பேரை மட்டும் சேர்த்தேன். 34 பேரைத் தேர்ந்தெடுப்பது 61 பேரை விலக்குவதைவிடச் சுலபமாக இருந்தது. குற்ற உணர்ச்சியும் குறைவு, யாரையும் தள்ளியதாகத் தோன்றவில்லை. யாராவது இன்று இந்த வேலையை ஆரம்பிப்பதாக இருந்தால் நடு வழியைத் தொடவே வேண்டாம் என்பேன்.

லாஸ்ட் சீன், புரொஃபைல் படம், அபவுட் இவற்றிலும் எவ்ரிஒன், மை காண்டாக்ட்ஸ், எக்ஸெப்ட், நோபடி என்று இருக்கிறது. இந்த எக்ஸெப்ட் 2022இல்தான் எல்லாருக்கும் வந்தது. ஆன்லைனில் இருப்பதை மறைப்பதும் அதே வருடம்தான். இங்கே கொடுக்கல் வாங்கல் கணக்கு ஒன்று உண்டு: ஒருவருக்கு நம் லாஸ்ட் சீனை மறைத்தால் அவருடையது நமக்கும் தெரியாது. மேலதிகாரிக்கு மறைத்தேன், அவர் ராத்திரி எத்தனை மணிக்குப் படுத்தார் என்று எனக்கும் தெரியாமல் போனது, நல்லதுதான். நீலக் குறியை, அதாவது ரீட் ரிசீட்ஸை, ஆள் பார்த்து அணைக்க முடியாது, அணைத்தால் எல்லாருக்கும் அணையும், குழுக்களில் அப்போதும் தெரியும். அதைத் தொடவில்லை.

புரொஃபைல் படத்தில் கொஞ்சம் தடுமாறினேன். ஓனருக்கு லாஸ்ட் சீன், ஆன்லைன், படம் எல்லாவற்றையும் மறைத்து வைத்தேன். தம்பி பார்த்துவிட்டுச் சிரித்தான். "அக்கா, படமும் இல்ல, லாஸ்ட் சீனும் இல்லன்னா பிளாக் பண்ணிட்டேன்னு நினைச்சுக்குவாரு." உண்மைதான், யாராவது பிளாக் செய்துவிட்டார்களா என்று சந்தேகப்படுகிறவர்கள் முதலில் பார்ப்பது இந்த இரண்டைத்தான். ஒரு குறிதான் விழுகிறது, இரண்டாவது விழவில்லை என்றால் சந்தேகம் முற்றும். எனக்கு மெசேஜ் வந்து சேர்வதில் சிக்கல் இல்லை, இருந்தாலும் அந்த எண்ணமே வேண்டாம் என்று படத்தைத் திருப்பிக் காட்டிவிட்டு, படத்தை மட்டும் சாதுவான ஒன்றாக மாற்றினேன். மறைப்பதை ஒரேயடியாக மறைத்தால் மறைப்பது தெரிந்துவிடுகிறது.

"நம்பரையே டெலிட் பண்ணிடேன்" என்பதும் தம்பியின் யோசனைதான். பண்ணலாம், சேமித்த நம்பர் இல்லை என்றால் ஸ்டேட்டஸ் போகாது. ஆனால் குழாய் ஒழுகும்.

அடுத்த வாரம் ஃபேஸ்புக். இங்கே 611 பேர். நான் சேர்ந்தது 2010. அந்தக் காலத்தில் போட்டதையெல்லாம் உலகத்துக்கே போட்டிருக்கிறேன் என்பது இப்போதுதான் தெரிந்தது. புதிதாகச் சேர்பவர்களின் பதிவு தொடக்கத்தில் பப்ளிக்காகப் போவதை நண்பர்களுக்கு மட்டும் என்று அவர்கள் மாற்றியதே 2014 மே மாதத்தில்தான். அதற்கு முன்னால் சேர்ந்தவர்கள் ஒரு தடவை கீழே வரை இறங்கிப் பார்ப்பது நல்லது. நான் இறங்கினேன். 2011இல் ஒரு வீட்டு ஓனரைப் பற்றி நாலு வரி கவிதை எழுதியிருக்கிறேன், பப்ளிக் என்று காட்டும் பூகோளச் சின்னத்தோடு, எதுகை மோனை எல்லாம் சரியாக இருந்தது. இப்போதைய ஓனர் இல்லை, வேறு ஒருவர், ஆனால் இவர் படித்தால் அந்த வித்தியாசம் எங்கே தெரியும்?

இதற்கு லிமிட் பாஸ்ட் போஸ்ட்ஸ் என்று ஒரு பட்டன் இருக்கிறது. பப்ளிக்காகவோ நண்பர்களின் நண்பர்களுக்காகவோ போட்ட பழைய பதிவுகள் எல்லாவற்றையும் ஒரே அழுத்தில் நண்பர்களுக்கு மட்டும் என்று சுருக்கிவிடும். திரும்பப் பழையபடி ஆக்க ஒரே அழுத்து கிடையாது, ஒவ்வொன்றாகத்தான் போக வேண்டும். எனக்குத் திரும்பத் தேவையில்லை, அழுத்தினேன். கவிதையையும் இன்னும் சிலவற்றையும் மேனேஜ் ஆக்டிவிட்டி வழியாக ஆர்க்கைவில் போட்டேன், அங்கே போனால் எனக்கு மட்டும் தெரியும். ட்ராஷில் போட்டால் 30 நாளில் போயே போய்விடும். கவிதையை ட்ராஷில் போட மனம் வரவில்லை.

அப்புறம் ரெஸ்ட்ரிக்டட் லிஸ்ட். ஃபேஸ்புக்கில் எனக்கு மிகவும் பிடித்த வசதி இது, பலருக்கு இருப்பதே தெரியவில்லை. ஒருவருடைய புரொஃபைலுக்குப் போய் ஃப்ரெண்ட்ஸ் என்ற பட்டனைத் தொட்டால் எடிட் ஃப்ரெண்ட் லிஸ்ட் என்று வரும், அதில் ரெஸ்ட்ரிக்டட் இருக்கும். அதில் சேர்த்தால் அவர் நண்பராகவே இருப்பார், அவருக்கு எந்த அறிவிப்பும் போகாது, ஆனால் நாம் பப்ளிக்காகப் போடுவதும் அவரை டேக் செய்து போடுவதும் மட்டும்தான் தெரியும். ஒவ்வொரு பதிவுக்கும் ஃப்ரெண்ட்ஸ் எக்ஸெப்ட் என்று போய்ப் பெயர் தேடிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. நான் 48 பேரைச் சேர்த்தேன்.

சேர்த்துவிட்டு வேலை செய்கிறதா என்று பார்க்க வேண்டுமே. வியூ அஸ் என்று ஒன்று உண்டு, நம் பக்கம் மற்றவருக்கு எப்படித் தெரியும் என்று காட்டும். முன்பு குறிப்பிட்ட நண்பர் பெயரைக் கொடுத்து அவர் கண்ணால் பார்க்க முடிந்தது. 2018 செப்டம்பரில் அந்த வசதியில் இருந்த ஓட்டை வழியாகத்தான் ஹேக்கர்கள் கணக்குகளுக்குள் நுழைந்தார்கள், ஃபேஸ்புக் முதலில் 5 கோடி என்றது, பிறகு 3 கோடிப் பேருடைய நுழைவுச் சாவிகள் திருடப்பட்டதாகச் சொன்னது. பிறகு திரும்பி வந்தபோது பப்ளிக் பார்வை மட்டும்தான் வந்தது. ஆக, ரெஸ்ட்ரிக்டடில் இருக்கும் ஆளின் கண்ணால் பார்க்க வேண்டும் என்றால் ரெஸ்ட்ரிக்டடில் இருக்கும் ஓர் ஆள்தான் வேண்டும். தம்பியைச் சேர்த்தேன்.

"என்னை எதுக்கு அக்கா?"

"நீதான் ஹவுஸ் ஓனர். என் பக்கத்துக்குப் போய் என்னென்ன தெரியுதுன்னு சொல்லு."

அவன் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்து, ஓனர் குரலிலேயே வாசிக்க ஆரம்பித்தான். புரொஃபைல் படம், கவர் படம் தெரிந்தன, அது பப்ளிக்தான், இப்போது வைத்திருக்கும் படத்தை மறைக்க முடியாது. பழைய புரொஃபைல் படங்களை ஒவ்வொன்றாகத் திறந்து மறைக்கலாம், மறைத்தேன். பதிவுகள் எதுவும் தெரியவில்லை. எனக்குப் பெருமையாக இருந்தது. "இரு, இன்னும் முடியல" என்றான்.

சித்தி மகள் போட்ட படத்தில் என்னை டேக் செய்திருந்தாள், அது அவனுக்குத் தெரிந்தது. அவள் போட்ட படம், அவள் வைத்த எல்லை, என் லிஸ்ட் அங்கே செல்லுபடியாகாது. டேக் வந்தால் என்னிடம் கேட்டுவிட்டு என் பக்கத்தில் காட்டு என்று வைக்கலாம், வைத்தேன், ஆனால் அது என் பக்கத்தில் வருவதை மட்டும்தான் தடுக்கும், அவள் பக்கத்தில் படம் அப்படியேதான் இருக்கும். டேக்கை எடுத்தாலும் படம் போகாது. போன் போட்டுத்தான் சொல்ல வேண்டும். சொன்னேன். "ஏன், முகம் நல்லா இல்லியா?" என்றாள்.

அதே படத்துக்குக் கீழே நான் எழுதிய கமென்ட்: "அடுத்த தடவை என் புது வீட்டுலதான் கூடணும்." நண்பர் பதிவில் நாம் எழுதும் கமென்ட் அந்தப் பதிவைப் பார்க்கக்கூடிய எல்லாருக்கும் தெரியும். ஓனரின் மருமகளும் அங்கே நண்பர். இந்த ஒரு வரிக்காகத்தான் இரண்டு வாரமாக மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன், அதை நானே எழுதி வைத்திருக்கிறேன்.

அப்புறம் வந்தது பெரிய குண்டு. "அக்கா, சோபா விக்கிறியா?" மார்க்கெட்பிளேஸில் போட்டிருந்தேன், வீடு மாறுவதால் விற்பனைக்கு என்று தெளிவாக, காரணத்தோடு. மார்க்கெட்பிளேஸ் விளம்பரம் பொதுவெளி, ரெஸ்ட்ரிக்டட் எல்லாம் அங்கே கணக்கில்லை. விளம்பரம் போடும்போது ஹைட் ஃப்ரம் ஃப்ரெண்ட்ஸ் என்று ஒரு தேர்வு இருக்கிறது, நண்பர்களுக்குப் பெரும்பாலும் தெரியாமல் இருக்கும், அதை நான் கண்டுகொள்ளவில்லை. காரணத்தை அழித்துவிட்டு அந்தத் தேர்வையும் போட்டேன். அதோடு வீடு தேடும் பப்ளிக் குழு ஒன்றில் என் பெயரிலேயே கேட்டிருந்த கேள்வியையும் எடுத்தேன். பப்ளிக் குழு என்றால் உறுப்பினர் இல்லாதவர்களுக்கும் தெரியும். நிர்வாகிகள் அனுமதித்திருக்கும் குழுக்களில் பெயர் காட்டாமல் கேட்கலாம், ஆனால் நிர்வாகிகளுக்கு நம் பெயர் தெரியும் என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

தம்பி இதற்கெல்லாம் எடுத்துக்கொண்டது பன்னிரண்டு நிமிடம். நான் செட்டிங்ஸில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்து பார்க்காததை அவன் ஒரு ஊர்வம்பு ஆளாக மாறிப் பன்னிரண்டு நிமிடத்தில் பார்த்துவிட்டான். முடித்ததும் அவனை லிஸ்டிலிருந்து எடுக்க மறந்துவிட்டேன், நாலு நாள் கழித்து "நான் இன்னும் ஓனர்தானா?" என்று கேட்டான்.

நண்பர்கள் பட்டியலை ஒன்லி மீ ஆக்கினேன். அப்போதும் பொது நண்பர்கள் தெரிவார்கள், அதைத் தடுக்க வழியில்லை. போன் நம்பரைக் கொண்டு தேடுவதையும் ஒன்லி மீ ஆக்கினேன். பதிவு போடும் பெட்டிக்கு மேலே இருக்கும் அந்தச் சின்னச் சின்னத்தை, எல்லாருக்குமான பூகோளமா, நண்பர்களுக்கு மட்டுமான ரெண்டு தலையா என்று, ஒவ்வொரு தடவையும் பார்க்கப் பழகிக்கொண்டேன். நம் கை மட்டும்தான் தவறும் என்றில்லை, 2018 மே 18 முதல் 27 வரை ஒரு மென்பொருள் கோளாறால் 1.4 கோடிப் பேருக்குப் புதுப் பதிவுகளின் எல்லை பப்ளிக் என்று மாறி நின்றது, ஃபேஸ்புக்கே ஒப்புக்கொண்ட விஷயம்.

இன்ஸ்டாகிராமில் நான் விழுந்தது வார்த்தைக் குழப்பத்தில். அங்கேயும் ரெஸ்ட்ரிக்ட் என்று ஒன்று இருக்கிறது. ஃபேஸ்புக்கில் பார்த்த ரெஸ்ட்ரிக்டட்தானே என்று ஓனர் மகனை அதில் போட்டுவிட்டு, தைரியமாக அட்டைப்பெட்டிகள் அடுக்கிய படத்தை ஸ்டோரியில் போட்டேன். பார்த்தவர் வரிசையில் இரண்டாவது ஆள் அவன்தான்.

பெயர்தான் ஒன்று, வேலை வேறு. 2019இல் இன்ஸ்டாகிராம் இதைக் கொண்டுவந்தது சீண்டுகிறவர்களிடமிருந்து காப்பாற்ற. அவர் நம் பதிவில் எழுதும் கமென்ட் அவருக்கு மட்டும் தெரியும், நாம் அனுமதித்தால்தான் மற்றவருக்கு. மெசேஜ் ரிக்வெஸ்ட் பக்கம் போய்விடும், நாம் படித்தோமா, ஆன்லைனில் இருக்கிறோமா என்று அவருக்குத் தெரியாது. நாம் போடுவதை அவர் எப்போதும்போல் பார்த்துக்கொண்டிருப்பார்! ஃபேஸ்புக்கில் அவர் கண்ணைக் கட்டுகிறது, இன்ஸ்டாவில் அவர் வாயைக் கட்டுகிறது. ஒரே சொல்லை இரண்டு இடத்தில் இப்படி எதிரெதிராக வைத்தவர்கள் யாரோ, அவர்கள் வீட்டில் உப்பு டப்பாவில் சர்க்கரை இருக்கும் என்று நினைக்கிறேன்.

அங்கே கண்ணைக் கட்ட வேண்டும் என்றால் ஹைட் ஸ்டோரி அண்ட் லைவ் என்ற இடத்துக்குப் போய்ப் பெயர் சேர்க்க வேண்டும். அது ஸ்டோரிக்கும் லைவுக்கும் மட்டும். சாதாரணப் பதிவில் "இவரைத் தவிர" என்று சொல்ல வழி இல்லை. 2018 நவம்பரில் ஸ்டோரிக்கு வந்த க்ளோஸ் ஃப்ரெண்ட்ஸை 2023 நவம்பரில் பதிவுகளுக்கும் ரீல்ஸுக்கும் நீட்டினார்கள், அதைத்தான் இப்போது பயன்படுத்துகிறேன், வாட்ஸாப் புத்திக்கொள்முதல் இருக்கிறதே, சாவி கொடுக்கும் வழிதான் நல்லது. பச்சை அடையாளத்தைப் பார்த்துத் தான் அந்தப் பட்டியலில் இருப்பது ஒருவருக்குத் தெரியும், வேறு யார் இருக்கிறார்கள் என்று தெரியாது. கணக்கையும் பிரைவேட் ஆக்கினேன், ஆனால் ஏற்கெனவே பின்தொடர்கிறவர்கள் உள்ளேயேதான் இருப்பார்கள், அவர்களை ரிமூவ் கொடுத்துத்தான் எடுக்க வேண்டும், அதற்கும் அறிவிப்பு போகாது. கணக்கு பப்ளிக்காக இருக்கும்போது ரிமூவ் செய்து பிரயோஜனம் இல்லை, நேரே பக்கத்துக்கு வந்து பார்த்துவிட்டுப் போவார்.

கடைசி ஓட்டை இணைப்பில் இருந்தது. இன்ஸ்டா ஸ்டோரி ஃபேஸ்புக்குக்கும் தானாகப் போகும்படி எப்போதோ வைத்திருக்கிறேன். இன்ஸ்டாவில் மறைத்தது இன்ஸ்டாவோடு சரி, ஃபேஸ்புக் ஸ்டோரிக்கு அதன் எல்லை தனி. அக்கவுன்ட்ஸ் சென்டரில் போய் அந்தத் தானாகப் பகிர்வதை அணைத்தேன். டெலிகிராமில் அதிக வேலை இல்லை, நம்பரை யாருக்கும் காட்டாதே என்று வைத்தேன், லாஸ்ட் சீனுக்கு ஆள் பார்த்து விலக்கு கொடுக்கலாம், மறைத்தால் சரியான நேரத்துக்குப் பதில் ரீசன்ட்லி என்று மழுப்பலாகக் காட்டும்.

ஸ்கிரீன்ஷாட்டுக்கு என்னிடம் மருந்து இல்லை. சித்தியை 34 பேரில் சேர்ப்பதா வேண்டாமா என்று நிறைய யோசித்தேன். சேர்த்திருக்கிறேன். வீடு பற்றிய படம் போடும்போது மட்டும் எடுத்துவிட்டு மறுநாள் சேர்க்கிறேன், இது எனக்கே கொஞ்சம் அசிங்கமாகத்தான் இருக்கிறது. இன்னொன்றும் இந்த வேலை முடிந்த பிறகு பிடித்துக்கொண்டது: மேலதிகாரி இரண்டு வருடமாக ஒரு ஸ்டேட்டஸ்கூடப் போட்டதில்லை, அமைதியான மனிதர் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

இரண்டு வாரம் கழித்துக் குழாய் உண்மையாகவே ஒழுகியது. ஓனர் ஆள் கூட்டிக்கொண்டு வந்தார். போகும்போது வாசலில் நின்று, "இப்பல்லாம் ஸ்டேட்டஸே போடறதில்லையேம்மா, உடம்பு கிடம்பு சரியில்லையா?" என்றார். வேலை அதிகம் சார் என்றேன். அவர் என் ஸ்டேட்டஸைத் தேடியிருக்கிறார் என்பதை நான் எதிர்பார்க்கவே இல்லை.

அன்று ராத்திரி ஒன்லி ஷேர் வித் பட்டியலில் அவரையும் சேர்த்து, மாடியில் அவர் வைத்திருக்கும் செடி பூத்திருந்ததைப் படம் எடுத்துப் போட்டேன். போட்ட கையோடு அவரைப் பட்டியலிலிருந்து எடுத்தேன், போட்டுவிட்டதற்கு மாற்றம் பொருந்தாது என்பது இந்தத் தடவை எனக்கு வசதியாக இருந்தது, அந்தப் படம் 24 மணி நேரம் அவருக்குத் தெரியும், அடுத்தது தெரியாது. அஞ்சு நிமிடத்தில் ஒரு இதயம் வந்தது. அதற்குக் கீழேயே இன்னொரு மெசேஜ்: "உங்க ஃப்ரெண்டுக்கு வீடு அமைஞ்சுதாம்மா?"

"இன்னும் இல்ல சார், பார்த்துட்டு இருக்காங்க" என்று அனுப்பினேன்.